சோளமும் சால்மனும் திரும்பும்போது: அமெரிக்கப் பூர்வகுடிகள் தங்கள் உணவை மீட்கும் கதை

மினியாபொலிஸ் நகரில் மிசிசிப்பி ஆற்றங்கரையில் 2021 ஜூலையில் ஓர் உணவகம் திறந்தார்கள். பெயர் ஓவாம்னி. அந்தச் சமையலறையில் கோதுமை மாவு கிடையாது. பால், வெண்ணெய், சீஸ் கிடையாது. கரும்புச் சர்க்கரை, கோழி, பன்றி, மாட்டிறைச்சி எதற்கும் இடமில்லை. ஐரோப்பியர் வந்து இறங்கியபோது அவர்களோடு வந்த உணவுப் பொருள்களை ஒதுக்கிவிட்டு, அந்த மண்ணில் முன்பே இருந்தவற்றைக் கொண்டு சமைத்தார்கள்: பைசன் எனும் அமெரிக்கக் காட்டெருமையின் இறைச்சி, ஏரி மீன், காட்டரிசி, மக்காச்சோளம் (இனி இங்கே சோளம் என்பதெல்லாம் இதுதான்), பீன்ஸ், பூசணி, காட்டுப் பழங்கள், மேப்பிள் மரப் பாகு. இதைத் தொடங்கியவர்களில் ஒருவர் ஷான் ஷெர்மன், தெற்கு டகோட்டாவின் பைன் ரிட்ஜில் பிறந்த ஓக்லாலா லகோட்டா இனத்தவர். அடுத்த ஆண்டே, 2022இல், சிறந்த புதிய உணவகத்துக்கான ஜேம்ஸ் பியர்ட் விருது ஓவாம்னிக்குக் கிடைத்தது. அமெரிக்கச் சமையல் உலகில் அதுதான் பெரிய விருது.

அப்புறம் பத்திரிகைகள் இதை ஒரு புது ருசி என்று கொண்டாடின. கொண்டாடட்டும், தகுதியான விருதுதான். ஆனால் பூர்வகுடி மக்கள் பல பத்தாண்டுகளாகச் செய்துவரும் வேலையில் உணவகம் ஒரு சின்னப் பகுதி. பெரும்பகுதி ஏரியிலும் வயலிலும் நீதிமன்றத்திலும் நடக்கிறது. ஒரு சமூகம் தன் பண்பாட்டை மீட்க ஏன் சாப்பாட்டில் தொடங்குகிறது? அந்தச் சாப்பாடு எப்படிப் பறிபோனது என்று பார்த்தால்தான் இது விளங்கும்.

உணவைக் குறிவைத்த போர்

1779இல், அமெரிக்க விடுதலைப் போரின் நடுவே, இன்றைய நியூயார்க் மாநிலத்தின் மேற்குப் பகுதிக்கு ஜார்ஜ் வாஷிங்டன் ஒரு படையை அனுப்பினார். அங்கே வாழ்ந்தவர்கள் ஹோடினோஷோனி கூட்டமைப்பினர். வெளியார் அவர்களை இரோக்குவா என்றார்கள். அவர்களில் பெரும்பாலோர் பிரிட்டிஷ் பக்கம் நின்றார்கள். படைத்தலைவர் சல்லிவனுக்கு வாஷிங்டன் எழுதிய உத்தரவில் ஒளிவுமறைவு இல்லை: ஊர்களைப் பிடித்தால் மட்டும் போதாது, அழிக்க வேண்டும், நிற்கும் பயிரை நாசமாக்க வேண்டும், மறுபடி நடவும் விடக்கூடாது. 40க்கும் மேற்பட்ட ஊர்கள் எரிந்தன. சோள வயல்கள், சேமித்து வைத்த தானியம், பழத்தோட்டங்கள் எல்லாம் போயின. அந்தக் கடுங்குளிரில் ஆயிரக்கணக்கானோர் நயாகரா கோட்டையில் பிரிட்டிஷாரின் தயவை நம்பிக் கிடந்தார்கள்.

தென்மேற்கில் 1863-64இல் இதே முறை மறுபடி நடந்தது. நவஹோ மக்களைப் பணியவைக்கக் கிட் கார்சன் தலைமையிலான அமெரிக்கப் படை வயல்களைக் கொளுத்தியது, ஆடுகளைக் கொன்றது. கேன்யன் டி ஷே பள்ளத்தாக்கில் ஆயிரக்கணக்கான பீச் மரங்களை வெட்டிச் சாய்த்தார்கள். பசியில் சரணடைந்தவர்களை நியூ மெக்சிகோவின் கிழக்குப் பகுதியில் இருந்த பாஸ்கே ரெடோண்டோ முகாமுக்கு நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நடத்திக் கூட்டிப்போனார்கள். அங்கே தண்ணீர் உப்பு. நட்ட சோளத்தைப் புழு தின்றது. கையில் கிடைத்தது அரசு ரேஷன்: வெள்ளை மாவு, உப்பிட்ட பன்றி இறைச்சி, காபிக் கொட்டை. அந்தப் பொருள்களை எப்படிச் சமைப்பது என்றே பலருக்குத் தெரியவில்லை. மாவைப் பிசைந்து தட்டிக் கொழுப்பில் பொரித்தெடுக்கும் ஃப்ரை பிரெட் அந்தக் காலத்தில் பிறந்தது என்கிறார்கள் நவஹோ பெரியவர்கள். 1868இல் ஒப்பந்தம் கையெழுத்தான பிறகே சொந்த நிலத்துக்குத் திரும்ப முடிந்தது.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். பீச் மரம் அமெரிக்க மண்ணில் தோன்றியதில்லை, ஸ்பானியர் கொண்டுவந்தது. செம்மறி ஆடும் அப்படித்தான். நவஹோ மக்கள் அவற்றைத் தாங்களே விரும்பி ஏற்று, தலைமுறைகளாக வளர்த்து, தங்கள் வாழ்க்கையோடு சேர்த்துக்கொண்டார்கள். கோதுமை மாவும் வெளியிலிருந்து வந்ததுதான். ஆனால் அது ரேஷன் மூட்டையில், காவலுக்கு நின்ற சிப்பாயின் கையால் வந்தது. பீச்சை மக்கள் தேர்ந்தெடுத்தார்கள். மாவைத் தேர்ந்தெடுக்க அவர்களுக்கு வாய்ப்பே தரப்படவில்லை. உணவு மீட்பு பற்றி நடக்கும் பெரும்பாலான சண்டைகளில் இந்த வேறுபாடு மறந்துபோகிறது. 'எது கலப்பில்லாத பழைய உணவு' என்று தேடுவதைவிட 'யார் முடிவு செய்தார்கள்' என்று கேட்பதே எனக்குச் சரியான கேள்வியாகப் படுகிறது.

சமவெளிகளில் பைசனின் கதை பலருக்கும் ஓரளவு தெரிந்தது. 3 கோடி முதல் 6 கோடி வரை இருந்திருக்கலாம் என்று கணிக்கப்படும் கூட்டங்கள், 1880களின் முடிவில் ஏறக்குறைய ஆயிரம் தலைகளாகச் சுருங்கின. தோல் வியாபாரமும் ரயில்பாதையும் நேரடிக் காரணங்கள். பைசன் ஒழிந்தால் பூர்வகுடிகள் பணிவார்கள் என்பதை அதிகாரிகள் வெளிப்படையாகவே பேசினார்கள். லகோட்டா மக்களுக்குப் பைசன் வெறும் கறி இல்லை. கூடாரத்துக்குத் தோல், ஊசிக்கு எலும்பு, கயிறு திரிக்க நரம்பு எல்லாம் அதிலிருந்துதான். காய்ந்த இறைச்சியை இடித்துக் கொழுப்பும் சோக்செர்ரிப் பழமும் கலந்து செய்யும் வஸ்னா குளிர்காலத்தில் பல மாதம் கெடாமல் இருக்கும். அது போனபின் ரேஷனே கதி. லகோட்டா மக்களின் கறுப்பு மலைகளை எழுதிக் கொடுத்தால்தான் ரேஷன் தொடரும் என்று 1876இல் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் நிபந்தனை போட்டது. 'விற்றுவிடு அல்லது பட்டினி கிட' என்றே அந்தச் சட்டம் இன்றும் நினைவுகூரப்படுகிறது. 1877இல் மலைகள் கைமாறின.

அடுத்த அடி குழந்தைகள் மேல் விழுந்தது. 1879இல் பென்சில்வேனியாவில் கார்லைல் உறைவிடப் பள்ளி திறந்தது. அதன் பாணியில் நாடெங்கும் பள்ளிகள் பெருகின. அமெரிக்க உள்துறை 2024இல் வெளியிட்ட அறிக்கை, அரசு நடத்திய அல்லது ஆதரித்த 417 பள்ளிகளையும், அங்கே இறந்த குறைந்தது 973 குழந்தைகளையும் கணக்கிட்டது. அங்கே சொந்த மொழி பேசினால் தண்டனை என்பது பரவலாகத் தெரியும். சாப்பாட்டைப் பற்றி அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. எந்தக் கிழங்கை எப்போது தோண்டுவது, மீனை எந்த விறகில் புகை போடுவது, விதைச் சோளத்தை எப்படித் தேர்ந்து கட்டித் தொங்கவிடுவது என்பதெல்லாம் பாட்டியின் பக்கத்தில் நின்று பார்த்துப் பழக வேண்டிய அறிவு. பத்து வயதில் வெளியே அனுப்பப்பட்டுப் பதினெட்டில் திரும்பிய பிள்ளைக்கு அது போய்ச் சேரவில்லை.

20ஆம் நூற்றாண்டில் ரேஷனுக்கு வேறு வடிவம் வந்தது. ரிசர்வேஷன் எனப்படும் ஒதுக்கீட்டு நிலப்பகுதிகளுக்கென்று 1977இல் சட்டப்படி ஓர் உணவு வழங்கும் திட்டம் உருவானது. அதில் வரும் 'கமாடிட்டி' உணவுகளைச் சுருக்கமாக 'கமாட்' என்கிறார்கள். வெள்ளை மாவு, டின்னில் அடைத்த இறைச்சி, கொழுப்பு, ஆரஞ்சு நிறச் சீஸ் கட்டி. இவற்றைத் தின்று வளர்ந்து பருத்த உடம்பைத் தங்களுக்குள் 'கமாட் பாட்' என்று கேலி செய்துகொள்வார்கள். கடை தொலைவில், கையில் காசு குறைவு என்ற நிலையில் அந்தப் பெட்டி பல குடும்பங்களைக் காப்பாற்றியது. அதே பெட்டி நோயையும் கொண்டுவந்தது.

ஆறு நின்றபோது

நோய் என்று வரும்போது அரிசோனாவின் ஹிலா ஆற்றங்கரையைப் பார்க்காமல் போக முடியாது. அங்கே வாழும் அகிமெல் ஓஓதம் மக்களை வெளியுலகம் பீமா என்று அறியும். பாலைவனத்தில் ஆற்று நீரைக் கால்வாய் வெட்டிப் பாய்ச்சிப் பல நூற்றாண்டுகளாக விவசாயம் செய்தவர்கள். ஸ்பானியரிடமிருந்து கோதுமையையும் ஏற்றுக்கொண்டு, 19ஆம் நூற்றாண்டின் நடுவில் கலிஃபோர்னியாவுக்குத் தங்கம் தேடிப் போனவர்களுக்கே தானியம் விற்றார்கள். 1870களிலிருந்து ஆற்றின் மேற்பகுதியில் குடியேறியவர்கள் ஆற்றைத் திருப்பிக்கொண்டார்கள். கீழே ஆறு வறண்டது. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் பஞ்சம் வந்தது. கோதுமையை மிச்சம் பிடித்து விற்றவர்கள் ரேஷன் மாவுக்கு வரிசையில் நின்றார்கள்.

1965இலிருந்து அமெரிக்க தேசிய சுகாதார நிறுவன ஆராய்ச்சியாளர்கள் இந்த மக்களிடம் சர்க்கரை நோயை ஆராய்ந்தார்கள். உலகிலேயே அதிகம் பதிவான விகிதங்களில் அது ஒன்று. பல காலம் மரபணுதான் குற்றவாளி என்ற பேச்சு ஓங்கியிருந்தது. பஞ்சத்தைத் தாங்கப் பழகிய உடம்பு, கொழுப்பைச் சேர்த்து வைக்கிறது என்ற கருதுகோள். இதைச் சோதிக்க ஒரு வழி இருந்தது. இவர்களின் உறவு இனத்தார் எல்லை தாண்டி மெக்சிகோவின் சோனோரா மலைகளில், மைகோபா என்ற ஊரில் இருக்கிறார்கள். 2006இல் வெளியான ஆய்வில் அரிசோனா பீமாக்களில் 38 சதவீதத்தினருக்குச் சர்க்கரை நோய். மைகோபா பீமாக்களில் 6.9 சதவீதம். மரபு நெருக்கமானது. மலையில் இருப்பவர்கள் சோளமும் பீன்ஸும் உருளைக்கிழங்கும் தின்று, கையால் உழுது, நடந்து வாழ்ந்தார்கள். மரபணுவுக்குப் பங்கே இல்லை என்று இதற்குப் பொருள் கொள்ள முடியாது. ஆனால் ஆற்றைத் திருப்பியவர்களை விட்டுவிட்டு இரத்தத்தில் குற்றம் தேடியது எவ்வளவு பெரிய அநியாயம் என்பதை அந்த இரண்டு எண்கள் காட்டிவிடுகின்றன.

இந்த மண்ணின் பயிர் டெப்பரி பீன்ஸ். சின்னதாக, தட்டையாக, வெள்ளை அல்லது பழுப்பு நிறத்தில் இருக்கும். கோடை மழையில் ஓடைகள் பெருகி வரும்போது, தண்ணீர் பரவும் இடத்தில் ஊன்றிவிட்டால், அந்த ஈரத்தை வைத்தே இரண்டு மூன்று மாதத்தில் காய்த்துவிடும். தண்ணீர் அதிகமானால் இலைதான் செழிக்கும், காய் குறையும். மெதுவாகச் செரிப்பதால் இரத்தத்தில் சர்க்கரை சட்டென்று ஏறாது. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் இது ஏறக்குறைய வயலை விட்டே போயிருந்தது. ஹிலா ஆற்றுப் பகுதியில் ரமோனா பட்டன் என்ற பெண்ணும் அவர் கணவரும் விவசாயத்தில் இறங்கியபோது, ஊர்ப் பெரியவர்கள் வந்து 'டெப்பரி போடுங்கள்' என்று கேட்டார்கள். ரமோனாவின் தந்தை வாழ்ந்த பழைய மண்வீட்டில் ஒரு பெட்டிக்குள், கண்ணாடிப் புட்டிகளில் விதை இருந்தது. அதிலிருந்து பெருக்கியதுதான் இன்று அவர்களின் பண்ணை நாடு முழுக்க விற்கும் டெப்பரி.

விதை கிடைத்தாலும் ஆறு வேண்டுமே. 2004இல் நிறைவேறிய அரிசோனா நீர்த் தீர்வுச் சட்டம், ஹிலா ஆற்றுச் சமூகத்துக்கு ஆண்டுக்கு 6,53,500 ஏக்கர்-அடி (ஓர் ஏக்கரில் ஓரடி உயரம் நிற்கும் நீர் ஓர் ஏக்கர்-அடி) தண்ணீரை உறுதி செய்தது. பல பத்தாண்டுச் சட்டப் போராட்டம் அதன் பின்னால் இருக்கிறது. ஆற்றை இழந்து நூறாண்டுக்கு மேல் கழித்து வந்த தீர்வு. டெப்பரியை 'சூப்பர் உணவு' என்று பாக்கெட்டில் போட்டு விற்கும் விளம்பரங்களில் இந்தத் தண்ணீர்க் கணக்கு வருவதில்லை. வந்திருக்க வேண்டும்.

ஏரியில் அரிசி தட்டுவது

உணவோடு சேர்ந்து பண்பாடு எப்படி மீள்கிறது என்று கேட்பவர்களுக்கு நான் முதலில் சொல்வது ஒஜிப்வே மக்களின் மனோமின் அறுவடையைத்தான். வெளியார் காட்டரிசி என்கிறார்கள். மினசோட்டா, விஸ்கான்சின், மிச்சிகன் மாநிலங்களிலும் கனடாவின் ஒண்டாரியோ மாகாணத்திலும் உள்ள ஏரிகளில், ஆழமில்லாத தண்ணீரில் தானாக வளரும் புல்லின் தானியம். உணவு தண்ணீரின் மேல் விளையும் இடத்தைத் தேடிக் கிழக்கிலிருந்து வரும்படி தங்களுக்கு அருள்வாக்கு வந்தது என்பது அவர்களின் இடப்பெயர்வு வரலாறு. பிறப்பிலும் இறப்பிலும் சடங்குகளில் இந்த அரிசி உண்டு.

ஆகஸ்டு கடைசியில் கதிர் முற்றும். ஒரு படகில் இரண்டு பேர். ஒருவர் பின்னால் நின்று நீண்ட கழியை ஊன்றிப் படகைத் தள்ளுவார். துடுப்புப் போட்டால் வேர் அறுந்துவிடும் என்பதால் கழிதான். இன்னொருவர் உட்கார்ந்து இரண்டு தேவதாருக் குச்சிகளைக் கையில் வைத்திருப்பார். ஒரு குச்சியால் தாள்களைப் படகின் மேல் வளைத்து, இன்னொன்றால் மெல்லத் தட்டுவார். முற்றிய மணி படகில் உதிரும், முற்றாதது கதிரிலேயே நிற்கும். சில மணிகள் தண்ணீரில் விழும், அடுத்த ஆண்டுக்கு அதுவே விதை. ஒரே கதிரில் மணிகள் முன்னும் பின்னுமாக முற்றும் என்பதால் சில நாள் விட்டு அதே இடத்துக்கு மறுபடி வர வேண்டும். அடித்து உதிர்த்தால் ஒரே நாளில் நிறைய கிடைக்கும், ஏரி கெடும். எந்த ஏரியை எந்த நாளில் திறப்பது என்று சொல்ல அரிசித் தலைவர்கள் என்று ஊரில் ஆள்கள் உண்டு.

கரைக்கு வந்ததும் வேலை இன்னும் கூடும். பரப்பி உலர்த்த வேண்டும். பிறகு இரும்புக் கொப்பரையில் விறகுத் தீயில் போட்டு, கருகாமல் கிண்டிக்கொண்டே வறுக்க வேண்டும். உமி நீங்க, தோல் விரித்த குழியில் கொட்டிப் புது மொக்கசின் செருப்போடு ஏறி மிதிப்பார்கள். உடம்பின் முழு எடை விழாமல், பக்கத்துக் கழியைப் பிடித்துக்கொண்டு கால் மாற்றி மாற்றி மிதிப்பது ஆட்டம் போலவே இருக்கும். எடை குறைவு என்பதால் இந்த வேலை பெரும்பாலும் சிறுவர்களுக்குப் போகும். கடைசியில் பிர்ச் மரப்பட்டைத் தட்டில் காற்றைப் பார்த்துப் புடைப்பார்கள்.

இதை ஒருவர் தனியாகச் செய்ய முடியாது. கழி தள்ளத் தெரிந்தவர், தட்டத் தெரிந்தவர், வறுபதம் மூக்கிலேயே தெரியும் மூதாட்டி, மிதிக்கச் சிறுவர்கள், எல்லோரும் வேண்டும். கதிரின் பருவங்களுக்கும் கருவிகளுக்கும் காற்றுக்கும் உள்ள சொற்கள் வேலையோடுதான் வரும். வகுப்பறையில் பட்டியலாகப் படித்த சொல்லை அடுத்த வாரம் மறக்கும் பிள்ளை, கொப்பரை பக்கத்தில் நின்று கேட்ட சொல்லை மறப்பதில்லை. பண்பாடு, பண்பாடு என்று பொதுவாகச் சொல்லும் விஷயம் கண்முன்னே நடப்பது இங்கேதான்.

அதே தானியத்தை மினசோட்டா பல்கலைக்கழகம் 1960களில் வயலில் வளர்க்கும் பயிராக மாற்றியது. உதிராமல் கதிரிலேயே நிற்கும் இரகம், இயந்திர அறுவடை. பிறகு கலிஃபோர்னியா பெரிய அளவில் இறங்கியது. விலை சரிந்தது. கடையில் 'காட்டரிசி' என்று கிடைக்கும் பளபளப்பான கறுப்பு அரிசி பெரும்பாலும் அதுதான். வேக முக்கால் மணி நேரம் ஆகும். கையால் வறுத்த ஏரி அரிசி பழுப்பும் பச்சையும் கலந்து இருக்கும், அதில் பாதி நேரத்தில் மலர்ந்துவிடும். வெள்ளை பூமி (White Earth) என்ற ஒஜிப்வே ரிசர்வேஷனில் 1989இல் ஒஜிப்வே செயற்பாட்டாளர் வினோனா லடூக் தொடங்கிய நில மீட்புத் திட்டம், ஏரி அரிசிக்கு நியாயமான விலை கொடுத்து வாங்கி விற்பதைத் தன் முக்கிய வேலைகளில் ஒன்றாக வைத்துக்கொண்டது. அந்த விலையை நம்பித்தான் பலர் மறுபடி படகை எடுத்தார்கள்.

சட்டம் இங்கேயும் உண்டு. 1837இல் அமெரிக்க அரசோடு செய்த ஒப்பந்தத்தில் நிலத்தைக் கொடுத்தபோது, வேட்டையாடவும் மீன் பிடிக்கவும் காட்டரிசி சேகரிக்கவும் உள்ள உரிமையை ஒஜிப்வே மக்கள் விட்டுக்கொடுக்கவில்லை. அரிசியின் பெயரே அந்தத் தாளில் எழுதப்பட்டிருக்கிறது. மினசோட்டா மாநிலம் அதை மறுத்தது. 1999இல் உச்ச நீதிமன்றம் 5-4 என்ற கணக்கில் ஒப்பந்தம் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று தீர்ப்பளித்தது. ஆனால் உரிமை இருந்தாலும் தண்ணீர் கெட்டால் அரிசி வளராது. சுரங்கங்களிலிருந்து வரும் சல்ஃபேட், ஏரியின் அடிச்சேற்றில் சல்ஃபைடாக மாறி வேரைக் கொல்கிறது. காட்டரிசி ஏரிகளில் லிட்டருக்கு 10 மில்லிகிராமுக்கு மேல் சல்ஃபேட் இருக்கக்கூடாது என்று மினசோட்டா 1973இலேயே விதி போட்டது. அதைச் செயல்படுத்துவதில் பல பத்தாண்டுகள் மெத்தனம் காட்டியது. 2018இல் வெள்ளை பூமி ஒஜிப்வே அரசு மனோமினுக்கே சட்ட உரிமை உண்டு என்று தன் சட்டத்தில் எழுதியது. எண்ணெய்க் குழாய்த் திட்டத்தை எதிர்த்து அந்தச் சட்டத்தின்கீழ் போட்ட வழக்கு, அதிகார எல்லைக் காரணத்தால் நிற்கவில்லை.

ஊருக்குத் திரும்பிய சோளம்

விதைக்கும் நிலத்துக்கும் உள்ள பிணைப்பைப் பானி மக்களின் கதையைவிடத் தெளிவாக எதுவும் சொல்லாது. நெப்ராஸ்கா அவர்கள் ஊர். 1870களில் அவர்களை ஒக்லஹோமாவுக்குத் துரத்தினார்கள். போகும்போது சோள விதையை எடுத்துக்கொண்டு போனார்கள். மண்ணும் வெயிலும் வேறு. நூறாண்டுகளில் ஒவ்வொரு இரகமாகக் குறைந்து, சில குடும்பங்களிடமும் புனித மூட்டைகளிலும் மட்டும் கொஞ்சம் மணிகள் மிஞ்சின. விதைக் காப்பாளராக இருந்த டெப் எக்கோ-ஹாக்கை 2003இல் நெப்ராஸ்காவின் கியர்னி ஊரிலிருந்து ரானி ஓப்ரையன் என்ற பெண் தொடர்பு கொண்டார். அங்குள்ள அருங்காட்சியகத் தோட்டத்தில் பானிச் சோளம் வளர்க்க விதை கிடைக்குமா என்று கேட்டார்.

யோசித்துப் பாருங்கள். கையில் இருப்பது ஒரு கைப்பிடி மணி. கேட்பவர், தங்களைத் துரத்திவிட்டு அந்த நிலத்தில் குடியேறிய சமூகத்தைச் சேர்ந்தவர். பானி மக்கள் கூடிப் பேசி, கொடுப்பது என்று முடிவு செய்தார்கள். தொடக்கத்தில் சில விதைகள் மண்ணிலேயே அழுகின. மறுபடியும் அனுப்பினார்கள். பிளாட் ஆற்றுப் பக்கத்து மண்ணில் அது நன்றாக வளர்ந்தது. பிறகு இரகம் இரகமாக அனுப்ப, நெப்ராஸ்காவில் தோட்டம் வைத்திருந்த பலர் வளர்த்து, விளைச்சலைப் பானி மக்களுக்கு ஒக்லஹோமாவுக்கு அனுப்பினார்கள். விருந்திலும் சடங்கிலும் பானிச் சோளம் மறுபடி இடம்பிடித்தது. விதை திரும்பிய வழியாக மனிதர்களும் போய்வரத் தொடங்கினார்கள்.

செரோக்கி அரசு 2006இலிருந்து தனக்கென விதை வங்கி நடத்தி, ஆண்டுதோறும் தன் குடிமக்களுக்கு விதை அனுப்புகிறது. 2020இல் நார்வேயின் ஸ்வால்பார்ட் விதைக் கிடங்கில் தன் விதைகளை வைத்த முதல் அமெரிக்கப் பழங்குடி அரசும் அதுதான். கிடங்கு நல்ல காப்பு. ஆனால் குளிரில் உறங்கும் விதையைவிட ஆண்டுதோறும் ஆயிரம் கொல்லைகளில் முளைக்கும் விதையே எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

சோளம் என்றால் சமைக்கும் முறையும் சேர்ந்ததுதான். ஹோடினோஷோனி மக்கள் வெள்ளைச் சோளத்தை மரச்சாம்பல் போட்டு வேகவைத்து, தோல் கழன்றதும் கழுவி எடுப்பார்கள். மெக்சிகோவில் சாம்பலுக்குப் பதில் சுண்ணாம்பு. அந்தக் காரம், சோளத்தில் உடம்புக்கு எட்டாமல் பிணைந்திருக்கும் நியாசின் என்ற வைட்டமினை விடுவிக்கிறது. ஐரோப்பியர் சோளத்தை எடுத்துக்கொண்டார்கள், சாம்பலை விட்டுவிட்டார்கள். விளைவு பெலக்ரா என்ற நோய். இத்தாலியிலும், பிறகு 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தெற்கு மாநிலங்களிலும், சோளத்தையே நம்பி வாழ்ந்த ஏழைகள் தோல் வெடித்து, மனம் கலங்கிச் செத்தார்கள். குறைபாடு நியாசின்தான் என்று ஆய்வுக்கூடம் 1937இல் கண்டுபிடித்தது. சாம்பலைப் போட்டுவந்த பெண்களுக்கு வைட்டமின் பெயர் தெரியாது. தங்கள் பிள்ளைகளைக் காப்பாற்றத் தெரிந்திருந்தது.

ஆறுகளிலும் சமவெளியிலும்

பசிபிக் கரையில் உணவு என்றால் சால்மன். வாஷிங்டன் மாநிலத்தில் நிஸ்குவாலி இனத்தவரான பில்லி ஃபிராங்க் ஜூனியர், சொந்த ஆற்றில் மீன் பிடித்ததற்காக 14 வயதில் முதல்முறை கைதானார். அப்புறம் 50க்கும் மேற்பட்ட கைதுகள். 1974இல் நீதிபதி போல்ட், 1850களின் ஒப்பந்தப்படி பிடிக்கத்தக்க மீனில் பாதி பழங்குடிகளுக்கு உரியது என்று தீர்ப்பளித்தார். அடுத்து அணைகள். கலிஃபோர்னியா–ஒரிகன் எல்லையில் கிளாமத் ஆற்றின் நான்கு அணைகளை அகற்ற யுரோக், கருக், கிளாமத் மக்கள் இருபது ஆண்டுக்கு மேல் போராடினார்கள். 2024 அக்டோபரில் அகற்றும் வேலை முடிந்தது. அதே மாதத்தில், 1912க்குப் பிறகு முதல்முறையாக, ஒரிகன் பகுதிக்குச் சால்மன் ஏறி வந்தது.

பைசனும் மெல்ல வருகிறது. 1992இல் உருவான பழங்குடிகளின் பைசன் கூட்டமைப்பில் இன்று 80க்கும் மேற்பட்ட இனங்கள் சேர்ந்திருக்கின்றன. அவற்றின் மந்தைகளில் 20,000க்கும் மேல். பழைய எண்ணிக்கையோடு ஒப்பிட முடியாதுதான். ஆனாலும் பிள்ளைகள் பள்ளிக்கூடத்து மதிய உணவில் சொந்த மந்தையின் இறைச்சியைச் சாப்பிடுகிறார்கள். அதற்கும் ஒரு சட்டத் தடை நீங்க வேண்டியிருந்தது. நன்கொடையாக வரும் மரபு உணவுகளைப் பள்ளி, மருத்துவமனை போன்ற பொது இடங்களில் பரிமாற 2014 வேளாண் சட்டம்தான் வழிவிட்டது.

எளிதில்லாத பக்கங்கள்

இந்த இயக்கத்துக்குள்ளேயே தீராத வாதங்கள் உண்டு. பெரியது ஃப்ரை பிரெட். தெற்கு டகோட்டா 2005இல் அதை மாநிலத்தின் அதிகாரபூர்வ ரொட்டியாக அறிவித்தது. நோயும் அடிமைத்தனமும் பொரிந்து வந்த பண்டம், விட்டுத்தொலையுங்கள் என்பவர்கள் ஒரு பக்கம். ஒன்றுமே இல்லாதபோது பாட்டி அந்த மாவிலிருந்து உயிர்பிழைக்க வழி கண்டாள், அதை வெறுக்க மாட்டோம் என்பவர்கள் இன்னொரு பக்கம். இரண்டு பேச்சிலும் வலி இருக்கிறது. வெளியிலிருந்து தீர்ப்புச் சொல்லும் உரிமை யாருக்கும் இல்லை. ஷெர்மன் தன் சமையலறையில் மாவை ஒதுக்கியது அவர் தேர்வு, கூட்டுவிருந்தில் ஒரு நவஹோ பாட்டி அதைச் சுட்டுத் தருவது அவர் தேர்வு.

இன்னொன்று காசும் நேரமும். கையால் தட்டி வறுத்த அரிசி விலை கூடுதல். அதை விளைவித்த சமூகத்திலேயே பலருக்கு அது கட்டுப்படியாகாது. இரண்டு வேலை பார்க்கும் தாயிடம் சாம்பல் போட்டுச் சோளம் வேகவையுங்கள் என்று சொல்வது சுலபம். நகரத்து உணவகம் அதிக விலை கொடுத்து வாங்க ஆரம்பித்தால், ஊர்க்காரர் தட்டுக்கு வர வேண்டியதும் வெளியே போகும் ஆபத்து உண்டு. அப்புறம் நச்சு. பாரம்பரிய மீனைத் தின்னுங்கள் என்று மருத்துவர் சொல்லும் அதே ஏரியில், பாதரசம் இருப்பதால் அளவாகத் தின்னுங்கள் என்று அரசுப் பலகை நிற்கிறது.

இதனால்தான் எனக்கு 'கமாட்' பெட்டியில் நடந்துவரும் மாற்றம் விருதுகளைவிட முக்கியமாகப் படுகிறது. 2018 வேளாண் சட்டம் ஒரு சோதனைத் திட்டத்தை அனுமதித்தது. அதன்படி அந்தப் பெட்டியில் சில பொருள்களைப் பழங்குடி அரசுகளே தேர்ந்தெடுத்து, தங்களுக்குப் பிடித்த விவசாயிகளிடமும் மீனவர்களிடமும் வாங்கலாம். 2021இல் முதல் ஒப்பந்தங்கள் கையெழுத்தாயின. விஸ்கான்சினின் ஒனைடா, மெனாமினி அரசுகள் சேர்ந்து தங்கள் பகுதிப் பைசன் இறைச்சி, ஏரி மீன், காட்டரிசி ஆகியவற்றைப் பெட்டிக்குள் கொண்டுவந்தன. உணவகத்துக்குப் போக முடியாதவர் வீட்டுக்கும் அது போகிறது. அரசுப் பணம் ஊர்ப் படகுக்காரருக்கே வருகிறது. பெட்டியில் என்ன இருக்க வேண்டும் என்று பட்டியல் போட்டவர்கள் இந்த முறை அந்த ஊர்க்காரர்கள். திட்டம் இன்னும் சோதனை நிலையில்தான் இருக்கிறது. அதை நிரந்தரமாக்கி, விரும்பும் எல்லாப் பழங்குடி அரசுகளுக்கும் திறந்துவிட வேண்டும் என்பதுதான் வரப்போகும் வேளாண் சட்டத்துக்காக அவர்கள் வைத்திருக்கும் கோரிக்கை.